தீயைக் கேட்கும் புல்லும் காற்றைக் கேட்கும் புல்லும்



மலருக்குக் கட்டுரை வேண்டும் என்று சங்கச் செயலாளர் கேட்டபோது, "புல்லைப் பற்றி எழுதித் தருகிறேன்" என்றேன். பக்கத்தில் நின்றவர்கள் சிரித்துவிட்டார்கள். "சிவில் படிக்கிறவன் சிமெண்டைப் பற்றி எழுதுவான், கம்பியைப் பற்றி எழுதுவான். நீ என்னடா மாடு மாதிரி புல்லைத் தேடிப் போற?" என்று கிண்டல் வேறு. சிரிக்கட்டும். இந்த மூன்று வருடத்தில் எனக்கு மறக்கவே முடியாத பாடம் நடத்தியது ஒரு புல்தான். அதுவும் நானே தீ வைத்துக் கொளுத்திய புல்!

நான் பழவேற்காட்டுப் பக்கம் ஒரு குப்பத்தில் இருந்து வருகிறேன். பழவேற்காடு ஏரி, நம் நாட்டின் உவர்நீர் ஏரிகளில் ஒடிசாவின் சிலிகா ஏரிக்கு அடுத்தபடி பெரியது. பாதிக்கும் மேல் ஆந்திராவில் இருக்கிறது. தெற்குப் பகுதி நம் திருவள்ளூர் மாவட்டத்தில். ஏரிக்கும் வங்காள விரிகுடாவுக்கும் நடுவில் நீளமாக ஒரு மணல் திட்டு. எங்கள் குப்பம் போன்ற ஊர்கள் அந்தத் திட்டின் மேல்தான் உட்கார்ந்திருக்கின்றன. முன்னால் கடல், பின்னால் ஏரி. கடலுக்கும் எங்கள் தெருவுக்கும் நடுவில் இருப்பது ஒரு மணல் மேடு மட்டும்தான். அந்த மேட்டின் மேல் முள் முள்ளாக ஒரு புல். அதன் பெயர் இராவணன் மீசை.

நடந்தது இதுதான்

2023-ஆம் வருடம் மாசி மாதம். நான் முதலாமாண்டு, வயது பதினாறு. எங்கள் குப்பத்துப் பையன்களுக்கு வாலிபால் ஆட இடம் வேண்டும். மேட்டில் ஓரிடத்தைச் சமன் செய்யலாம் என்றால் இராவணன் மீசை விடமாட்டேன் என்கிறது. இலை நுனி ஊசி மாதிரி. காலில் குத்தும், காயப்போட்ட வலையில் சிக்கும். வெட்டினால் கை கிழியும். "கொளுத்திடலாமா?" என்று ஒருவன் கேட்டான்.

அந்த வாரம்தான் கல்லூரி நூலகத்தில் உலகத்து வறண்ட நிலங்களைப் பற்றிய ஓர் ஆங்கிலப் புத்தகத்தைப் புரட்டியிருந்தேன். அதில் ஸ்பினிஃபெக்ஸ் என்று ஒரு புல். அது தீயோடு பழகிய புல், எரிந்தாலும் மறுபடி வரும், அந்த நாட்டுப் பழங்குடி மக்களே காலங்காலமாக அதைத் திட்டமிட்டு எரித்து வந்திருக்கிறார்கள் என்று போட்டிருந்தது. எங்கள் இராவணன் மீசையின் தாவரவியல் பெயர் ஸ்பினிஃபெக்ஸ் லிட்டோரியஸ் என்று பள்ளிக்கூடத்திலேயே ஒரு சார்ட்டில் பார்த்திருக்கிறேன். இரண்டையும் கூட்டினேன். விடை கிடைத்துவிட்டது!

எங்கள் ஆயா மட்டும் தடுத்தாள். "அது மணலப் புடிச்சினு கீதுடா. அத்தக் கொளுத்தாத" என்றாள்.

"ஆயா, இது நெருப்புல வளர்ற புல்லு. எரிச்சா இன்னும் நல்லா வரும். புக்குல போட்டிருக்கு" என்றேன்.

எங்கள் வீட்டில் பத்தாவது தாண்டியவன் நான் ஒருவன்தான். என் வாயில் இருந்து "புக்குல போட்டிருக்கு" என்று வந்தால் அதற்கு மேல் பேச்சு கிடையாது. ஆயா சும்மா இருந்துவிட்டாள். ஊர்ப் பெரியவர்களும் "படிக்கிற புள்ள சொல்லுது, செய்யுங்க" என்றார்கள். தீ வைத்தோம். பத்து நிமிஷம் கூட ஆகவில்லை, கறுப்புச் சாம்பல்தான் மிச்சம். கைதட்டினோம்.

அதற்குப் பிறகு என்ன ஆயிற்று என்பதைக் கடைசியில் சொல்கிறேன். முதலில் பாடத்தைப் பார்ப்போம். ஏனென்றால் அந்தப் புத்தகம் பொய் சொல்லவில்லை. தீயை நம்பி வாழும் புல் உலகத்தில் நிஜமாகவே இருக்கிறது.

புல் எப்படித் தீயைத் தாண்டுகிறது?

ஒரு மரக்கன்றை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் வளரும் மொட்டு உச்சியில் இருக்கிறது. உச்சியைக் கிள்ளிவிட்டால் நேராக வளர்வது நின்றுபோகும். புல் அப்படி இல்லை. அதன் வளரும் பாகம் அடியில், மண்ணை ஒட்டி அல்லது மண்ணுக்குள் இருக்கிறது. அதனால்தான் மாடு மேய்ந்தாலும் அரிவாளால் அறுத்தாலும் நாலு நாளில் திரும்பத் தளிர்க்கிறது. புல்லைப் பொறுத்தவரை தீயும் ஒரு பெரிய மாடுதான். மேலே இருப்பதைத் தின்றுவிட்டுப் போய்விடும்.

அடியில் இருக்கும் மொட்டு வேகாதா என்று கேட்பீர்கள். இங்கேதான் நம் பாடம் உதவிக்கு வருகிறது. ஒர்க்‌ஷாப் பாதுகாப்பு வகுப்பில் தீ முக்கோணம் படித்தோமே: எரிபொருள், காற்று, வெப்பம். காய்ந்த புல் மெல்லிய எரிபொருள். தாள்களுக்கு நடுவே காற்று தாராளம். எனவே சட்டென்று பற்றி, சட்டென்று முடிந்துவிடும். வெப்பத்தில் பெரும்பகுதி மேலே போகிறது. மண்ணோ வெப்பத்தை எளிதில் கடத்தாது. புல் தீ ஓடிப்போன இடத்தில் இரண்டு மூன்று செ.மீ. ஆழத்தில் மண் லேசாகச் சூடாவதோடு சரி. அதே இடத்தில் ஒரு மரக்கட்டை மணிக்கணக்கில் கனன்றால் கதை வேறு. அப்போது வேரும் வெந்துபோகும்.

தப்பிப் பிழைப்பது ஒன்று. தீ இல்லாவிட்டால் வாழவே முடியாமல் போவது இன்னொன்று. சில புற்கள் இந்த இரண்டாம் வகை. தெமிடா ட்ரையாண்ட்ரா என்று ஒரு புல்; ஆப்பிரிக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும் நம் நாட்டு மலைச் சரிவுகளிலும் வளர்கிறது. ஆஸ்திரேலியாவில் இதைக் கங்காரு புல் என்பார்கள். தீயோ மேய்ச்சலோ அறுப்போ இல்லாமல் பல வருடம் விட்டுவிட்டால், பழைய தாள்கள் செத்து அதன் மேலேயே படிந்துவிடும். அடியில் முளைக்கும் தளிருக்கு வெளிச்சம் கிடைக்காது. தன் சருகிலேயே மூச்சு முட்டி அந்தப் புதர் செத்துப்போகும். ஒரு தீ வந்து சருகை நீக்கினால் வெளிச்சம் விழுகிறது, மறுபடி தளிர்க்கிறது.

இதில் இன்னொரு கணக்கும் உண்டு. புல்வெளியில் மரக்கன்றுகள் முளைத்து வளர்ந்தால் நிழல் விழும். வெயில் கேட்கும் புல் ஒழிந்துபோகும். அடிக்கடி வரும் தீ அந்தக் கன்றுகளைச் சிறுசிலேயே முடித்துவிடுகிறது. ஆக, புல் தன் உடம்பையே விறகாகக் கொடுத்துத் தனக்கு நிழல் போட வரும் மரத்தைத் தடுத்துக்கொள்கிறது. தீ வந்தால் புல்வெளி. தீ நின்றால் மெல்ல மெல்லக் காடு அல்லது புதர். இப்படித் தீயை நம்பி நிற்கும் நிலங்களைத்தான் தீச்சார்புச் சூழல் என்கிறோம். வெப்பநாட்டுப் புல்வெளிகள் உலகெங்கும் பரவத் தொடங்கி ஏறக்குறைய 80 லட்சம் ஆண்டுகள் ஆகின்றன. அப்போது தீக்குச்சி ஏது? மின்னல்தான் தீக்குச்சி.

நம் ஊர்ப்பக்கம் தரிசு நிலத்தில் வளரும் ஊசிப்புல்லைப் பாருங்கள். அதன் விதைக்கு நீளமாக ஒரு வால் உண்டு. வேட்டியில் ஒட்டிக்கொண்டு குத்துமே, அதுதான். ஒரு விதையை உள்ளங்கையில் வைத்து ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டுப் பாருங்கள். வால் முறுக்கிக்கொண்டு சுழலும். ஈரம் பட்டால் ஒரு பக்கம், காய்ந்தால் மறுபக்கம். இப்படித் திருகித் திருகி விதை தன்னைத்தானே மண்ணுக்குள் இறக்கிக்கொள்கிறது. சாக்ஷாத் ட்ரில் பிட்! தீ மேலே ஓடும்போது விதை கீழே பத்திரமாக இருக்கும்.

புகைக்கும் ஒரு வேலை இருக்கிறது. 2004-இல் ஆஸ்திரேலிய விஞ்ஞானிகள், செடி எரியும் புகையில் தூங்கும் விதையை எழுப்பும் ஒரு வேதிப்பொருளைக் கண்டுபிடித்தார்கள். அந்த வகைப் பொருள்களுக்குக் கரிக்கின் என்று பெயர். அந்நாட்டு நூங்கார் பழங்குடி மக்கள் புகைக்குச் சொல்லும் சொல்லில் இருந்து எடுத்த பெயர் அது.

தீயோடு வாழும் மூன்று இடங்கள்

முதலாவது ஆஸ்திரேலியாவின் நடுப் பாலைவனம். அங்கே டிரையோடியா என்னும் புல் உருண்டை உருண்டையான மேடுகளாக வளர்கிறது. அந்நாட்டு நிலப்பரப்பில் ஐந்தில் ஒரு பங்குக்குக் குறையாமல் இந்தப் புல்லின் ஆட்சிதான். இலை சுருண்டு ஊசியாக இருக்கும். பல வகைகளில் பிசின் வேறு கசியும். பழங்குடி மக்கள் அந்தப் பிசினை உருக்கி ஈட்டி முனை ஒட்டப் பசையாகப் பயன்படுத்தினார்கள். பிசின் இருந்தால் தீ பிடிக்கக் கேட்கவா வேண்டும்! அவர்கள் உடும்பு வேட்டைக்காகவும் நடைவழிக்காகவும் துண்டு துண்டாக எரிப்பார்கள். இந்த வருடம் ஒரு துண்டு, அடுத்த வருடம் வேறொரு துண்டு. அதனால் புதிதாக எரிந்த இடம், பாதி வளர்ந்த இடம், முற்றிய இடம் என்று நிலம் கலந்து கிடக்கும். மின்னல் தீ வந்தாலும் எரிந்த துண்டில் வந்து எரிபொருள் இல்லாமல் நின்றுவிடும். இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் அந்த மக்கள் பாலைவனத்தை விட்டுக் குடியிருப்புகளுக்குப் போனார்கள். எரிப்பவர் இல்லை; புல் முற்றியது. பிறகு வந்த தீ, துண்டு துண்டாக எரிக்காமல் பெரும் பரப்பை ஒரே வீச்சில் கொண்டுபோயிற்று.

இரண்டாவது அஸ்ஸாமின் காசிரங்கா. ஒற்றைக் கொம்புக் காண்டாமிருகம் இருக்கும் இடம். அங்கே ஆள் உயரத்துக்கு மேல் வளரும் புல்லை, குளிர்காலக் கடைசியில் வனத்துறையே பகுதி பகுதியாகத் திட்டமிட்டு எரிக்கிறது. சில வாரத்தில் இளந்தளிர் வரும். காண்டாமிருகமும் மானும் அதைத் தின்னும். எரிக்காமல் விட்டால் மரமும் புதரும் ஏறிவிடும். பிரம்மபுத்திராவின் வெள்ளமும் இந்தத் தீயும் சேர்ந்துதான் அந்தப் புல்வெளியைப் புல்வெளியாக வைத்திருக்கின்றன.

மூன்றாவது நம் சத்தியமங்கலம் காட்டுக்கு வடக்கே, கர்நாடகத்தின் பிலிகிரிரங்கன் மலை. அங்கே வாழும் சோலிகர் மக்கள் தை, மாசியில், காடு முழுதாகக் காய்வதற்கு முன்பே, தரையில் உள்ள சருகை மெல்ல எரிப்பார்கள். அதற்குத் தரகு பெங்கி, அதாவது சருகுத் தீ என்று பெயர். 1974-இல் அந்த மலை சரணாலயம் ஆன பிறகு எரிப்பது தடை செய்யப்பட்டது. பிறகு உண்ணிச்செடி என்று நாம் சொல்லும் லாண்டானா காட்டுக்கு அடியில் அடைத்துக்கொண்டு வளர்ந்தது. சருகுத் தீ நின்றதுதான் இதற்கு ஒரு காரணம் என்கிறார்கள் சோலிகர்கள். ஆராய்ச்சியாளர்களும் அதைக் காதுகொடுத்துக் கேட்டுப் பதிவு செய்திருக்கிறார்கள்.

மூன்று இடத்திலும் ஒன்றைக் கவனித்தீர்களா? எங்கேயும் கண்டபடி எரிக்கவில்லை. எந்த மாதம், எவ்வளவு பரப்பு, எத்தனை வருடத்துக்கு ஒரு முறை என்று கணக்கு உண்டு. அந்தக் கணக்கு தெரியாத தீ கொலைகாரத் தீ. 2018 மார்ச் 11 அன்று தேனி மாவட்டம் குரங்கணி மலையில், காய்ந்த புல் சரிவில் பரவிய தீயில் மலையேறப் போனவர்கள் சிக்கி இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்ததை நாம் மறந்துவிடக் கூடாது. காய்ந்த சரிவும் காற்றும் சேர்ந்தால் தீ மேல்நோக்கி ஓடும் வேகத்துக்கு மனிதனால் ஓட முடியாது.

பெயர் ஒன்று, புல் இரண்டு

சரி, என் கதைக்கு வருகிறேன். இரண்டாம் ஆண்டில் சுற்றுச்சூழல் பாடத்துக்கு ஒரு ஒப்படைப்பு எழுத அதே புத்தகத்தை மறுபடி எடுத்தேன். அதே பக்கம். ஸ்பினிஃபெக்ஸ் என்ற சொல்லுக்குப் பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் இன்னொரு சொல்: டிரையோடியா. முதல் தடவை அந்த அடைப்புக்குறியை நான் படிக்கவே இல்லை.

விஷயம் இதுதான். லத்தீன் மொழியில் ஸ்பினிஃபெக்ஸ் என்றால் முள் செய்வது என்று பொருள். லின்னேயஸ் 1771-இல் இந்தப் பெயரைக் கொடுத்தது கடற்கரையில் வளரும் புல் இனத்துக்கு. அதாவது எங்கள் இராவணன் மீசை இனத்துக்கு. பின்னால் ஆஸ்திரேலியாவுக்குக் குடியேறிய ஐரோப்பியர்கள், பாலைவனத்தில் குத்துகிற புல்லைப் பார்த்து அதையும் ஸ்பினிஃபெக்ஸ் என்றே கூப்பிட ஆரம்பித்தார்கள். அந்தப் பேச்சுவழக்குப் பெயர் அப்படியே நிலைத்துவிட்டது. ஆனால் அந்தப் பாலைவனப் புல்லின் இனம் டிரையோடியா; ஆஸ்திரேலியாவைத் தவிர வேறெங்கும் இயற்கையாக வளர்வதில்லை. ஆக, புத்தகம் சொன்னது பாலைவனத்துப் புல்லை. நான் கொளுத்தியது கடற்கரைப் புல்லை!

பெயரை நம்பி ஏமாறுவது நமக்குப் புதிதல்ல. எங்கள் பக்கம் கோரைக்குப்பம் என்று ஓர் ஊர் இருக்கிறது. கோரையைப் புல் என்றுதான் எல்லோரும் சொல்கிறோம். தண்டை விரலில் உருட்டிப் பாருங்கள், மூன்று பட்டை தெரியும். புல்லின் தண்டு உருண்டை. கோரை வேறு குடும்பம். ஏரிக்கு அடியில் வளரும் கடற்புல்லும் பெயரில்தான் புல்; அதுவும் வேறு குடும்பம்.

இராவணன் மீசை செய்யும் வேலை

இந்தப் புல் மணலின் மேலே நீளமாகக் கொடி ஓடும். கணுவுக்குக் கணு வேர் விடும், கணுவுக்குக் கணு முள் கொத்தாக இலை விடும். ஆண் செடி தனி, பெண் செடி தனி. பெண் செடியின் கதிர் முள் பந்து மாதிரி, கிட்டத்தட்ட நம் தலை அளவுக்குக்கூட இருக்கும். முற்றியதும் ஒடிந்து, காற்றில் கடற்கரை நெடுக உருண்டு ஓடி விதையைக் கொட்டும். சின்ன வயதில் அதைத் துரத்திப் பந்தயம் ஓடாத பையன் எங்கள் குப்பத்தில் கிடையாது.

இப்போது மணலைப் பார்ப்போம். காற்றில் மணல் எப்படி நகர்கிறது என்பதை முதலில் முறையாக ஆராய்ந்தவர் ரால்ஃப் பாக்னால்ட். அவர் ஓர் இராணுவப் பொறியாளர். 1941-இல் இதற்கென்றே ஒரு புத்தகம் எழுதினார். அவர் சொன்னதில் நமக்கு வேண்டியது இரண்டு. ஒன்று, மணல் துகள் பெரும்பாலும் தவளை மாதிரி தாவித் தாவிப் போகிறது. அந்தத் தாவல் பெரும்பாலும் முழங்காலுக்குக் கீழேதான். இரண்டு, காற்றின் வேகம் இரண்டு மடங்கானால் நகரும் மணல் இரண்டு மடங்கு ஆவதில்லை; வேகத்தின் மும்மடிக்கு ஏற்ப, அதாவது ஏறக்குறைய எட்டு மடங்கு ஆகிறது.

இதைத் திருப்பிப் போட்டுப் பாருங்கள். தரையை ஒட்டிக் காற்றின் வேகத்தைப் பாதியாகக் குறைத்தால், நகரும் மணல் எட்டில் ஒரு பங்காகிவிடும். இராவணன் மீசை செய்வது அதைத்தான். அதன் விறைத்த இலைகள் மணல் தாவும் அதே உயரத்தில் நிற்கின்றன. காற்று தளர்கிறது, மணல் விழுகிறது, புல் மூடப்படுகிறது. மூடினால் மற்ற செடி செத்துப்போகும். இது மணலுக்கு மேலே ஏறி மறுபடி கணு விடும். மணல் ஏற ஏறப் புல் ஏறும், புல் ஏற ஏற மேடு ஏறும். சம்பளம் வாங்காத கொத்தனார்!

இப்போது இரண்டு புல்லையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்போம்.

1. தீப்புல்லுக்கு எதிரி, தன் மேல் படியும் சருகும் நிழலும். தீ வந்து அதை நீக்குகிறது. கடற்கரையில் உப்புக் காற்றும் நகரும் மணலுமே மற்ற செடிகளை அண்ட விடாது. இராவணன் மீசைக்குத் தீ செய்து தர வேண்டிய வேலை எதுவும் இல்லை.

2. தீப்புல்லின் மொட்டு இறுகிய மண்ணுக்குள் பத்திரமாக இருக்கிறது. இராவணன் மீசையின் புதுக் கொடியும் கணுவும் மணலின் மேலே கிடக்கின்றன. தீ முதலில் அதைத்தான் தின்னும்.

3. இதுதான் முக்கியம். மலைப் புல்வெளி எரிந்தால், புல் திரும்பி வரும்வரை வேர் பிடித்த மண் பெரும்பாலும் அதே இடத்தில் காத்திருக்கும். கடற்கரையில் மணல் காத்திருக்காது. அடியில் புதைந்த கணு பிழைத்துத் தளிர் விட்டாலும், அது வளர்வதற்குள் கீழே இருக்கும் மணல் பறந்துபோய்விடும். புல் பிழைத்ததா என்பது மட்டும் கேள்வி இல்லை. புல் இல்லாத நாட்களில் மேட்டை யார் பிடிப்பது?

ஆயா இதை ஒரே வரியில் சொன்னாள். எனக்குத்தான் மூன்று பக்கம் தேவைப்படுகிறது.

பின்னால் நடந்தது

மாசியில் கொளுத்தினோம். பங்குனியில் தெற்குக் காற்று எழுந்தது. முதல் வாரமே வீட்டுக்குள் மணல், சோற்றில் மணல். எரிந்த இடத்தின் நடுவில் காற்று குடைய ஆரம்பித்தது. குடைந்த பள்ளத்துக்குள் காற்று இன்னும் வேகமாக நுழையும், இன்னும் குடையும். ஓரத்தில் இருந்த பச்சைக் கொடியின் அடியிலும் மணல் சரிந்து வேர் வெளியே தொங்கியது. ஆடி வருவதற்குள் வாலிபால் கோர்ட் இருக்க வேண்டிய இடத்தில் இடுப்பளவுக்கு ஒரு வாய்க்கால். அதில் யாரும் ஒரு நாள்கூட வாலிபால் ஆடவில்லை.

2023 டிசம்பர் முதல் வாரத்தில் மிக்ஜாம் புயல் வந்தது. சென்னையே மிதந்தது உங்களுக்கு நினைவிருக்கும். எங்கள் பக்கமும் மழைத் தண்ணீர் எங்கும்தான். ஆனால் கடல் அலை எங்கள் தெருவுக்குள் ஏறி வந்தது நாங்கள் கொளுத்திய அந்த ஒரு வழியாகத்தான். ஆள் சேதம் இல்லை. கீழே வைத்திருந்த வலைகளில் மணலும் சேறும் ஏறி வீணாயின. அதில் எங்கள் வீட்டு வலையும் ஒன்று. அந்த வலைக் கடன் அடைந்தால்தான் எனக்குப் பரீட்சைப் பணம் என்று அப்பா வைத்திருந்தார். அப்பா என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. ஊரிலும் யாரும் கேட்கவில்லை. "புக்குல போட்டிருக்கு" என்று நான் சொன்னதை எல்லோரும் மறந்துவிட்ட மாதிரி நடந்துகொண்டார்கள். எனக்கு அதுதான் தாங்க முடியவில்லை.

ஆயாவிடம் போய், "தப்பு பண்ணிட்டேன் ஆயா" என்றேன்.

"மழ நிக்கறதுக்குள்ள கொடிய நடு. ஈரம் போச்சுன்னா புடிக்காது" என்றாள். வேறு எதுவும் சொல்லவில்லை. 2004 டிசம்பர் 26 சுனாமியைப் பார்த்தவள் அவள். மேடு உயர்ந்திருந்த பக்கம் தண்ணீர் எப்படித் தணிந்து வந்தது, மேடு இல்லாத பக்கம் எப்படிப் பாய்ந்தது என்று பிறகுதான் சொன்னாள். அதற்கு முன்பு நான் கேட்டதும் இல்லை.

பத்துப் பேர் சேர்ந்தோம். செய்த முறையை எழுதுகிறேன். கடற்கரை ஊர் நண்பர்களுக்கு உதவும். நல்ல மேட்டில் அடர்ந்திருக்கும் இடத்தில், அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கொடி வெட்டினோம். ஒரே இடத்தில் வெட்டினால் அங்கே புது ஓட்டை விழும். ஒவ்வொரு துண்டிலும் நாலைந்து கணு. இரண்டு மூன்று கணு மணலுக்குள் போகிற மாதிரி, ஈர மணல் தட்டும் ஆழத்தில் புதைத்தோம். வெறும் பள்ளத்தில் நட்டதை முதலில் காற்றே பிடுங்கிப்போட்டது. பிறகு சவுக்கு மிளாரையும் பனை ஓலையையும் காற்றுக்குக் குறுக்கே வரிசையாக ஊன்றினோம். காற்று புகுந்து தளர்ந்து வர இடைவெளி விட வேண்டும். சுவர் மாதிரி அடைத்தால் காற்று மேலே ஏறிப் பின்னால் குடையும். வேலிக்குப் பின்னால் மணல் சேர்ந்த பிறகே கொடி பிடித்தது. அலை தொடும் பக்கம் நட்டவை பெரும்பாலும் கருகிவிட்டன. மேல் பக்கம் நட்டவை பிழைத்தன. அடும்பங்கொடியும் தானாகவே வந்து சேர்ந்துகொண்டது. அடுத்த மழைக்காலத்திலும் நட்டோம். இன்று பள்ளம் பாதிக்கு மேல் மூடியிருக்கிறது. கொளுத்தப் பத்து நிமிஷம். மூட இரண்டு வருடமாகியும் முடியவில்லை.

சட்டமும் இதைத்தான் சொல்கிறது. 1991-இல் வந்த கடற்கரை ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கையே மணல் மேட்டை மாற்றக் கூடாது என்றது. 2019-இல் வந்த அறிவிக்கை மணல் மேடுகளை மிகவும் காக்க வேண்டிய இடங்களில் சேர்த்திருக்கிறது. நாளை நம்மில் பலர் கடற்கரையில் சாலையோ சுவரோ போடும் வேலைக்குத்தான் போகப் போகிறோம். அங்கே ஒரு முள் புல்லைப் பார்த்தால் ஜே.சி.பி.யைக் கூப்பிடுவதற்கு முன் இதை நினைத்துக்கொள்ளுங்கள்.

நண்பர்களே! படிப்பை நம்பாதீர்கள் என்று சொல்ல நான் இதை எழுதவில்லை. அப்படிச் சொன்னால் என்னைப் படிக்க அனுப்பியவர்களுக்கு நான் செய்யும் இரண்டாவது தப்பு அது. நம் வகுப்பில் பல பேர் என்னைப் போல வீட்டில் முதல் ஆளாகப் படிக்க வந்தவர்கள். நாம் சொல்வதை வீட்டில் யாரும் சரிபார்க்க மாட்டார்கள், அப்படியே நம்பிவிடுவார்கள். அதனால் நாம்தான் இரண்டு மடங்கு சரிபார்க்க வேண்டும். சர்வேயில் ஸைட்டைப் பார்க்காமல் ட்ராயிங் போடக் கூடாது என்று சொல்லிக் கொடுத்தார்கள். அதை முதலாமாண்டிலேயே புல்லுக்கும் பொருத்தியிருந்தால், ஆயா சொன்னதும் ஒரு ஸைட் ரிப்போர்ட்தான் என்று எனக்குப் புரிந்திருக்கும்.

எங்கள் மேட்டைப் பார்க்க விருப்பம் உள்ளவர்கள் ஒரு ஞாயிற்றுக்கிழமை வாருங்கள். நண்டுக் குழம்பு உண்டு. நடுவதற்கும் கொடி மிச்சம் இருக்கிறது. செருப்பு மட்டும் மறக்காமல் போட்டு வாருங்கள். இராவணன் மீசை இப்போது நன்றாகவே குத்துகிறது.

— மூன்றாமாண்டு சிவில் மாணவன்